பூண்டும் பல்லிடுக்கும் படமான கதை: லெஸ் பிளாங்கின் ஆவணப்படங்கள்

1980இல் வெளிவந்த ஓர் ஆவணப்படத்தோடு அதைத் திரையிடும் அரங்குகளுக்கு ஒரு யோசனையும் போய்ச் சேர்ந்தது. படம் ஓடும்போது அரங்கின் பின்பக்கம் ஒரு சின்ன மின்அடுப்பில் முழுப் பூண்டுகளைப் போட்டு வாட்டுங்கள் என்பதே அது. திரையில் பூண்டு நசுங்கி எண்ணெயில் விழும் நேரத்தில், இருட்டில் உட்கார்ந்திருப்பவரின் மூக்குக்கும் அந்த வாசம் எட்ட வேண்டும். படத்தின் பெயர் 'கார்லிக் இஸ் ஆஸ் குட் ஆஸ் டென் மதர்ஸ்', அதாவது பூண்டு பத்துத் தாய்க்குச் சமம். 51 நிமிடமும் பூண்டுதான். அதைப் பயிரிடுகிறவர்கள், சமைக்கிறவர்கள், மருந்தென்று நம்புகிறவர்கள், அதற்காக ஒரு சங்கமே வைத்திருப்பவர்கள் என்று ஆள் மாறி ஆள் வருகிறார்கள். இடையில் ஜெர்மானிய இயக்குநர் வெர்னர் ஹெர்சாக் தோன்றுகிறார். காட்டேரி பூண்டுக்கு அஞ்சும் என்பார்களே, இரத்தக்காட்டேரிப் படம் எடுத்த நீங்கள் அதில் ஏன் பூண்டையே காட்டவில்லை என்று அவரிடம் கேட்கப்படுகிறது. கேள்வியும் பதிலும் அதே தீவிரத்தோடு நடக்கின்றன. 2004இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் இந்தப் படத்தைத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்துக்கொண்டது.

எடுத்தவர் லெஸ் பிளாங்க். 1935இல் புளோரிடா மாநிலத்தின் டாம்பா நகரில் பிறந்து, 2013இல் கலிபோர்னியாவின் பெர்க்லியில் இறந்தவர். முன்பற்களுக்கிடையே இடைவெளி உள்ள பெண்கள், போல்கா நடனப் பித்தர்கள், சீனாவில் ஊர் ஊராய்த் தேயிலை தேடும் ஓர் அமெரிக்க வியாபாரி, பந்தயத்துக்காகத் தன் காலணியை வேகவைத்துத் தின்னும் இயக்குநர் என்று அவருடைய படங்களின் பொருள்களை வரிசையாகச் சொன்னால், யாரோ வேண்டுமென்றே விசித்திரங்களைப் பொறுக்கிச் சேர்த்தது போலத் தோன்றும். அவரைப் பற்றிய அறிமுகக் குறிப்புகள் பலவும் அப்படித்தான் எழுதப்பட்டிருக்கின்றன. படங்களை அடுத்தடுத்துப் பார்த்தால் வேறொன்று தெரிகிறது. எதையும் நிரூபிக்க வேண்டிய கட்டாயம் இல்லாத பொருள்களாகப் பார்த்து அவர் எடுத்துக்கொண்டார். தொலைக்காட்சி நிலையத்துக்குத்தான் அவை விசித்திரம். டெக்சஸிலோ லூசியானாவிலோ அவற்றோடு வாழ்ந்தவர்களுக்கு அன்றாடம்.

இந்த இடத்துக்கு அவர் நேர்வழியில் வரவில்லை. நியூ ஓர்லியன்ஸின் துலேன் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியமும் நாடகமும் படித்தார். ஸ்வீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மனின் 'ஏழாவது முத்திரை'யைப் பார்த்த பிறகுதான் சினிமாப் பக்கம் திரும்பியதாக அவரே சொல்லியிருக்கிறார். மரணத்தோடு சதுரங்கம் ஆடும் வீரனைப் பார்த்துவிட்டுச் சினிமாவுக்கு வந்த மனிதர், கடைசிவரை அந்த மாதிரிப் படம் ஒன்றுகூட எடுக்கவில்லை என்பது வேடிக்கைதான். லாஸ் ஏஞ்சலிஸில் தெற்குக் கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தின் சினிமாத் துறையில் சேர்ந்தார். பிறகு வயிற்றுப்பாட்டுக்காகச் சில ஆண்டுகள் நிறுவனங்களுக்கு விளம்பரப் படங்களும் தொழில் படங்களும் எடுத்துக் கொடுத்தார். அந்த வகையில் ஒரு கோழி நிறுவனத்துக்காக எடுத்ததுதான் 1970இல் வந்த 'சிக்கன் ரியல்'. ஆலைக்குள் வரிசை வரிசையாகப் போகும் கோழிகளை அவர் காட்டியிருக்கும் விதத்தில் விளம்பரத்தின் பெருமிதத்தோடு ஒரு கிறுக்குத்தனமும் சேர்ந்தே ஓடுகிறது. கூலிக்கு எடுத்த படத்திலும் கை சும்மா இருக்கவில்லை.

1967இல் 'ஃபிளவர் ஃபிலிம்ஸ்' என்ற பெயரில் சொந்தமாக ஒரு நிறுவனம் தொடங்கினார். அதே ஆண்டு ஈஸ்டர் நாளில் லாஸ் ஏஞ்சலிஸ் பூங்கா ஒன்றில் ஹிப்பி இளைஞர்கள் கூடி ஆடிய கொண்டாட்டம் அந்த நிறுவனத்தின் முதல் படமானது.

நெருக்கடி இல்லாத இடத்தில் காமிரா

அந்தக் காலத்து ஆவணப்பட உலகைக் கொஞ்சம் தெரிந்துகொண்டால்தான் பிளாங்க் விலகிப்போன இடம் புரியும். 1950களின் இறுதியிலும் 60களின் தொடக்கத்திலும் கருவிகள் மாறின. தோளில் சுமக்கக்கூடிய, அதிகம் சத்தம் போடாத 16 மி.மீ. காமிராக்கள் வந்தன. அவற்றோடு ஒத்திசைந்து ஓடும் நாக்ரா ஒலிப்பதிவுக் கருவியும் வந்தது. அதற்கு முன்பு, நடக்கிற இடத்திலேயே படத்தையும் பேச்சையும் ஒன்றாகப் பிடிப்பது பெரிய வேலை. அதனால்தான் பழைய ஆவணப்படங்களில் ஒரு கனத்த குரல் மேலிருந்து எல்லாவற்றையும் விளக்கிக்கொண்டே வரும். புதிய கருவிகள் அந்தக் குரலின் தேவையைக் குறைத்தன. இரண்டு பேர் போதும், ஒருவர் கையில் காமிரா, இன்னொருவர் கையில் மைக்.

ஆனால் இந்தச் சுதந்திரத்தை முதலில் கையிலெடுத்தவர்கள் அதைப் பரபரப்பைத் துரத்தப் பயன்படுத்தினார்கள். 1960இல் ஆவணப்படக்காரர் ராபர்ட் ட்ரூவின் குழு, அதிபர் வேட்பாளராகக் கட்சிக்குள் கென்னடியும் ஹம்ப்ரியும் மோதிய விஸ்கான்சின் தேர்தல் களத்துக்குப் போனது. தேர்தல், வழக்கு, போட்டி என்று முடிவு தெரியாத ஒரு நெருக்கடியை எடுத்துக்கொண்டால், மனிதர்கள் காமிராவை மறந்துவிடுவார்கள், கதையும் தானாக அமைந்துவிடும் என்பது அவர்கள் கணக்கு. கெட்டிக்காரக் கணக்குதான். இன்றைய தொலைக்காட்சிப் போட்டி நிகழ்ச்சிகள்வரை அந்தச் சூத்திரம்தான் ஓடிக்கொண்டிருக்கிறது.

பிளாங்க் அதே கருவிகளைத் தூக்கிக்கொண்டு நெருக்கடி எதுவும் இல்லாத இடங்களுக்குப் போனார். ஒரு கிழவர் வீட்டுத் திண்ணையில் கிட்டார் வாசிக்கிறார். பின்கட்டில் ஒரு பன்றியை அறுத்து மசாலா சேர்த்துக் குடலில் அடைக்கிறார்கள். சனிக்கிழமை இரவு நடனக் கூடத்தில் வயதான தம்பதிகள் சுற்றுகிறார்கள். யார் ஜெயிப்பார் என்ற கேள்வி கிடையாது. அப்படியானால் பார்வையாளரை எது உட்கார வைக்கும்? 16 மி.மீ. பிலிமில் 400 அடிச் சுருள் ஒன்று 11 நிமிடம்தான் ஓடும். சுருளுக்கும் காசு, கழுவவும் காசு. எதுவுமே நடக்காத இடத்தில் காமிராவை ஓடவிடுவது அன்றைக்கு வெறும் அழகியல் முடிவு மட்டுமில்லை, கைக்காசை எரிக்கும் காரியமும்கூட. எப்போது பொத்தானை அமுக்குவது என்று தெரிந்திருக்க வேண்டும். அதற்கு ஒரே வழி, காமிராவைக் கீழே வைத்துவிட்டு அவர்களோடு நிறைய நேரம் சும்மா இருப்பது.

அமெரிக்கக் கறுப்பினத்தவரின் புளூஸ் இசையைப் பாடும் டெக்சஸ் பாடகர் லைட்னின் ஹாப்கின்ஸைப் படமெடுக்கப் போனபோது நடந்ததை பிளாங்க் பின்னாளில் சொல்லியிருக்கிறார். முதல் நாள் பத்துப் பாட்டுப் பாடிவிட்டு, வேலை முடிந்தது, கிளம்புங்கள் என்றார் ஹாப்கின்ஸ். மறுநாள் பிளாங்க் அவரோடு சீட்டாட உட்கார்ந்தார். தோற்றார். கையிலிருந்ததெல்லாம் போக, இன்னும் பணம் கொண்டுவந்து அதையும் தோற்றார். ஜெயித்த குஷியில் இந்த ஆளைக் கிழவருக்குப் பிடித்துப்போனது. பிறகு வாரக்கணக்கில் படப்பிடிப்பு நடந்தது. அப்படி உருவான 'தி புளூஸ் அக்கார்டிங் டு லைட்னின் ஹாப்கின்ஸ்' 31 நிமிடம்தான். அதில் ஹாப்கின்ஸின் பிறந்த ஆண்டு, இசைத்தட்டுகளின் பட்டியல், புளூஸ் வரலாற்றில் அவர் இடம் எதுவும் சொல்லப்படுவதில்லை. சென்டர்வில் ஊரின் தெருவும் அவர் பேச்சும் மீன்பிடிப்பும் பாட்டும் இருக்கின்றன. கறுப்பினத்தவர் வாழும் டெக்சஸ் சிற்றூர் ஒன்று அந்தப் பாட்டு எங்கிருந்து வருகிறது என்பதைக் காட்டிவிடுகிறது. ஒரு நிபுணரைக் கூட்டிவந்து உட்காரவைத்திருந்தால் அந்த 31 நிமிடத்தில் ஐந்து நிமிடமாவது வீணாகியிருக்கும்.

விளக்கம் இல்லாமல் விளங்கவைப்பது

பின்னணிக் குரல் இல்லை, வாதம் இல்லை, கதையின் முடிச்சும் இல்லை. இருந்தும் படம் சிதறிப்போகாமல் நிற்பது படத்தொகுப்பில். பிளாங்கின் பெயர் மட்டும் பேசப்படும் இடங்களில் எல்லாம் மோரீன் காஸ்லிங்கின் பெயரையும் சேர்த்துச் சொல்லியாக வேண்டும். 1970களிலிருந்து அவர் பிளாங்கோடு ஒலிப்பதிவாளராகவும் படத்தொகுப்பாளராகவும் இருந்தவர். களத்தில் மைக் பிடித்தவரே மேசையில் காட்சிகளை வெட்டி ஒட்டியதால், எந்தப் பேச்சுக்கு முன்னும் பின்னும் என்ன சத்தம் இருந்தது என்பது அவர் காதிலேயே இருந்தது.

இவர்கள் பெரும்பாலும் ஒரு பாட்டை முதுகெலும்பாக வைத்துக்கொள்கிறார்கள். பாட்டு தொடங்கும், பாடகர் முகத்தை விட்டுக் காமிரா நகரும், வயலுக்கோ அடுப்படிக்கோ சந்தைக்கோ போகும், பாட்டு முடியும்போது திரும்பும். நடுவில் போன இடங்கள்தான் விளக்கம். பாட்டின் வரி ஒன்றைச் சொல்லும்போது படம் அதையே காட்டாமல் பக்கத்தில் இருப்பதைக் காட்டும். இந்தச் சின்ன விலகல் இல்லாவிட்டால் எல்லாம் சுற்றுலாத்துறை விளம்பரமாகிவிடும்.

லூசியானாவில் எடுத்த படங்களில் இதைத் தெளிவாகப் பார்க்கலாம். பதினெட்டாம் நூற்றாண்டில் கனடாவிலிருந்து விரட்டப்பட்ட பிரெஞ்சு மொழிக்காரர்களின் வழிவந்த கேஜன் மக்களைப் பற்றியது 1971இன் 'ஸ்பெண்ட் இட் ஆல்'. அதில் ஒருவர் குறடை எடுத்துத் தன் பல்லைத் தானே பிடுங்கிக்கொள்கிறார். காமிரா பதறுவதில்லை, அருகில் போய் அழுத்திக் காட்டுவதுமில்லை. அவரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. இந்தக் காட்சி ஹெர்சாக்கைத் தொந்தரவு செய்து, 1977இல் அவர் எடுத்த கதைப்படம் ஒன்றில் வேறு உருவில் நுழைந்தது. 1973இன் 'ஹாட் பெப்பர்' லூசியானாக் கறுப்பினத்தவரின் ஜைடெகோ இசைக்கு ராஜா என்று பெயரெடுத்த கிளிஃப்டன் ஷெனியேயின் அகார்டியனைப் பின்தொடர்கிறது. நியூ ஓர்லியன்ஸின் தெருக்கொண்டாட்டங்களைப் பற்றிய 'ஆல்வேஸ் ஃபார் பிளெஷர்' (1978) ஒரு சவ ஊர்வலத்திலிருந்து தொடங்குகிறது. வாத்தியக்காரர்கள் போகும்போது துக்கமாகவும் திரும்பும்போது ஆட்டமாகவும் வாசிக்கிறார்கள். பாடகி இர்மா தாமஸ் சிவப்புப் பயறு சமைக்கும் முறையைப் பொறுமையாகச் சொல்லித் தருகிறார். மரணமும் பயறும் ஒரே படத்தில் பக்கத்துப் பக்கத்தில் இருப்பது யாருக்கும் உறுத்துவதில்லை.

இவற்றில் எனக்கு மேலானதாகப் படுவது 'சூலாஸ் ஃப்ரொன்தேராஸ்' (1976). டெக்சஸ் - மெக்சிகோ எல்லைப் பகுதியின் இசையைப் பற்றிய 58 நிமிடப் படம். அர்ஹூலி இசைத்தட்டு நிறுவனத்தைத் தொடங்கிய கிறிஸ் ஸ்ட்ராக்விட்ஸ் தயாரித்தது. லிடியா மெண்டோசா பாடுகிறார், பிறகு குடும்பத்தோடு உட்கார்ந்து தமாலே என்ற மக்காச்சோள மாவுப் பண்டம் செய்கிறார். ஃப்ளாக்கோ ஹிமெனெஸ் அகார்டியன் வாசிக்கிறார். பாட்டு வரிகள் திரையின் அடியில் ஓடுகின்றன. எல்லை கடந்து கூலி வேலைக்குப் போவது, பண்ணையில் குனிந்து நிற்பது, மதிப்பில்லாமல் நடத்தப்படுவது எல்லாம் அந்த வரிகளில் இருக்கின்றன. துள்ளல் இசைக்கு அடியில் கசப்பான சொற்கள். படம் அதைச் சுட்டிக்காட்டுவதில்லை. வாசிக்கிறவர் வாசித்துக்கொள்ளலாம். 1993இல் இதுவும் தேசியப் பதிவேட்டில் இடம்பெற்றது.

பல்லிடுக்கில் நுழைவது

'கேப் டூத்டு விமன்' (1987) பிளாங்கின் பொருள்தேர்வுக்கு எல்லோரும் சொல்லும் உதாரணம். முன்பற்களுக்கிடையே இடைவெளி உள்ள பெண்கள் ஒருவர் பின் ஒருவராகப் பேசுகிறார்கள். 31 நிமிடம். பள்ளியில் பட்ட கேலி, கம்பி போடச் சொல்லி அம்மா கொடுத்த தொல்லை, சிரிக்கும்போது வாயை மூடிய வருடங்கள், பிறகு மூடாமல் விட்ட நாள். பதினான்காம் நூற்றாண்டு ஆங்கிலக் கவிஞர் சாசர் காலத்திலிருந்தே இந்தப் பல்லைக் காமத்தோடு சேர்த்துப் பேசிய வழக்கமும் வந்துபோகிறது. மாடல் லாரன் ஹட்டன் வருகிறார். தொழிலின் தொடக்கத்தில் அந்த இடைவெளியை மெழுகு வைத்து அடைத்துக்கொண்டு போஸ் கொடுத்தவர் அவர். அமெரிக்க உச்ச நீதிமன்றத்தின் முதல் பெண் நீதிபதி சாண்ட்ரா டே ஓ'கானரும் தலைகாட்டுகிறார்.

பெண்களின் அழகை யார் தீர்மானிக்கிறார்கள் என்பதை நேரடித் தலைப்பாக வைத்து எடுத்திருந்தால், வந்தவர்கள் எல்லோரும் தயாரித்துக்கொண்டு வந்த பதிலைச் சொல்லியிருப்பார்கள். பல்லைப் பற்றிக் கேட்டால் யாரிடமும் தயாரான பதில் இருக்காது. சின்னக் கேள்வி என்று நினைத்து லேசாகப் பேசத் தொடங்கி, இரண்டாவது நிமிடத்தில் வேறெங்கோ போய் நிற்கிறார்கள். உருவத்தைக் குறித்த அவமானம், பரம்பரை, காதல், வயது எல்லாம் அந்தச் சின்ன இடுக்கு வழியே வெளியே வருகின்றன. சில்லறைப் பொருளை எடுத்துக்கொள்வதில் இருக்கும் தொழில்நுட்பப் பயன் இதுதான், பேசுகிறவர்கள் காவல் வைக்காத வாசல் அது.

இதில் ஒரு சங்கடமும் உண்டு. தனக்கு ஈர்ப்பான ஓர் உடல்குறியைக் கொண்ட பெண்களை ஓர் ஆண் தேடிப்போய்ப் படமெடுப்பது எப்படி இருக்கும் என்ற கேள்வி படம் வந்தபோதே எழக்கூடியதுதான். காஸ்லிங் உள்ளிட்ட பெண்கள் அந்தப் படத்தின் உருவாக்கத்தில் இருந்தது அதைக் கொஞ்சம் சமன்செய்கிறது. முழுவதும் கரைந்துவிட்டதாக நான் சொல்ல மாட்டேன். சில சட்டகங்களில் காமிரா கேட்பதைவிட ரசிப்பது அதிகம்.

காலணியும் கப்பலும்

1970களின் பிற்பாதியில் எரால் மோரிஸ் என்ற இளைஞர், செல்லப்பிராணிகளைப் புதைக்கும் கல்லறைத் தோட்டங்களைப் பற்றி ஒரு படமெடுக்கப் போவதாகச் சொல்லிக்கொண்டிருந்தார். நீ அதை முடித்தால் நான் என் காலணியைத் தின்கிறேன் என்றார் ஹெர்சாக். மோரிஸ் 1978இல் முடித்துவிட்டார். 1979இல் பெர்க்லியின் யூ.சி. திரையரங்கில் அந்தப் படம் காட்டப்பட்டபோது ஹெர்சாக் சொன்னபடி வந்து, பார்வையாளர்கள் முன் காலணியைத் தின்றார். அதை வேகவைத்தது அலீஸ் வாட்டர்ஸின் புகழ்பெற்ற சே பனீஸ் உணவகத்தில். பூண்டும் மூலிகைகளும் போட்டு மணிக்கணக்கில் கொதித்தும் தோல் மசியவில்லை. அடித்தோலை மட்டும் விட்டுவிட்டார், கோழி சாப்பிடுகிறவர் எலும்பை விடுவதில்லையா என்பது அவர் வாதம். பிளாங்க் இதை இருபது நிமிடச் சொச்சப் படமாக்கினார்.

பார்த்தால் வெறும் கூத்து. ஆனால் 1979இன் பெர்க்லியில் சுயாதீன சினிமா எப்படி உயிர்பிழைத்தது என்பதன் குறுக்குவெட்டு அந்த இருபது நிமிடத்தில் கிடைக்கிறது. ஒரு படத்துக்கு விநியோகஸ்தர் கிடைக்க இன்னொரு இயக்குநர் காலணி தின்கிறார், உணவகக்காரர் அடுப்புத் தருகிறார், மூன்றாவது இயக்குநர் அதைப் படம்பிடிக்கிறார். விளம்பரத்துக்குக் காசில்லாதவர்கள் செய்துகொண்ட விளம்பரம்.

அதன் தொடர்ச்சியாகத்தான் பிளாங்கும் காஸ்லிங்கும் பெருவின் அமேசான் காட்டுக்குப் போனார்கள். அங்கே ஹெர்சாக் 'ஃபிட்ஸ்கரால்டோ' எடுத்துக்கொண்டிருந்தார். 320 டன் எடையுள்ள நீராவிக் கப்பலை ஓர் ஆற்றிலிருந்து மலைமேல் இழுத்து மறுபக்க ஆற்றில் இறக்க வேண்டும், அதையும் நிஜமாகவே செய்ய வேண்டும். கதைக்கு ஆதாரமான வரலாற்று மனிதர் ஃபிட்ஸ்கரால்ட் கொண்டுபோனது 30 டன் அளவிலான கப்பல், அதுவும் துண்டு துண்டாகக் கழற்றி. ஹெர்சாக்குக்கு அது போதவில்லை. முதலில் நாயகனாக நடித்த ஜேசன் ரோபார்ட்ஸ் கிட்டத்தட்ட நாற்பது சதவீதம் எடுத்த நிலையில் வயிற்றுக்கடுப்பில் விழுந்து வெளியேறினார். துணைப் பாத்திரத்தில் இருந்த ராக் பாடகர் மிக் ஜாகரும் தன் இசைக்குழுவின் வேலைக்காகத் திரும்பிப்போனார். நடிகர் கிளாஸ் கின்ஸ்கியை வைத்து முதலிலிருந்து ஆரம்பித்தார்கள். கைவிடப்பட்ட அந்தக் காட்சிகளில் சிலவற்றை உலகம் முதலில் பார்க்க முடிந்தது பிளாங்கின் 'பர்டன் ஆஃப் ட்ரீம்ஸ்' (1982) வழியாகத்தான்.

இந்தப் படத்தில் பிளாங்க் தான் தவிர்த்துவந்த நெருக்கடிக்குள்ளேயே மாட்டிக்கொள்கிறார். கப்பல் நகருமா, ஆள் சாவார்களா, பணம் தீர்ந்துவிடுமா என்ற எல்லாக் கேள்வியும் இருக்கிறது. ட்ரூவின் ஆட்கள் இருந்திருந்தால் கப்பலை விட்டுக் காமிராவை எடுத்திருக்க மாட்டார்கள். பிளாங்க் எடுத்தார். மரவள்ளியை மென்று துப்பிப் புளிக்கவைத்து மசாத்தோ என்ற மதுவைச் செய்யும் பெண்கள், வேலை நின்றுபோன நாட்களில் முகாமில் பொழுதைத் தள்ளும் பூர்வகுடி ஆட்கள் எல்லோரும் அவர் பாணியில் நிதானமாக வருகிறார்கள். முதல் முகாமை எதிர்த்து அங்கிருந்த அகுவாருனா மக்கள் கிளம்பியதும் அது எரிக்கப்பட்டதும் பதிவாகின்றன. நடுவில் ஹெர்சாக், காட்டில் பறவைகள் பாடவில்லை, வலியில் கத்துகின்றன என்று பிரசங்கம் செய்கிறார். அவருக்கு அந்தக் காடு ஆபாசம். அடுத்த காட்சியில் அதே காட்டில் யாரோ சாவகாசமாகச் சமைத்துக்கொண்டிருக்கிறார்கள். பிளாங்க் ஹெர்சாக்கை மறுத்து ஒரு வார்த்தை சொல்லவில்லை. இரண்டையும் அடுத்தடுத்து வைத்தார், அவ்வளவுதான். பிரிட்டிஷ் திரைப்பட அகாடமியின் ஆவணப்பட விருது இதற்குக் கிடைத்தது.

31, 51, 58

நிமிடக் கணக்குகளை இதுவரை சொல்லிக்கொண்டே வந்ததற்குக் காரணம் உண்டு. திரையரங்கு தொண்ணூறு நிமிடம் கேட்கும். தொலைக்காட்சி அரை மணி அல்லது ஒரு மணிக் கட்டத்தில் விளம்பரத்துக்கு இடம்விட்டு மீதியைக் கேட்கும். பொருள் எவ்வளவு தாங்குமோ அவ்வளவுதான் பிளாங்க் எடுத்தார். பல்லுக்கு 31, பூண்டுக்கு 51. இதனால் எந்த வழக்கமான கடையிலும் அவர் சரக்கு விலைபோகவில்லை.

பிழைப்பு வேறு வழியில் நடந்தது. கலைக்கான தேசிய நிதியம் போன்ற அமைப்புகளின் மானியங்கள் ஒரு பக்கம். கல்லூரிகள், நூலகங்கள், அருங்காட்சியகங்களுக்கு 16 மி.மீ. பிரதிகளை விற்பதும் வாடகைக்கு விடுவதும் இன்னொரு பக்கம். பிறகு வீடியோ நாடாக்கள் வந்தன. பெர்க்லிக்குப் பக்கத்தில் எல் செரிட்டோ என்ற ஊரில், ஸ்ட்ராக்விட்ஸின் இசைத்தட்டுக் கடை இருந்த கட்டடத்திலேயே பிளாங்கின் அலுவலகமும் இருந்தது. படத்தைப் பெட்டியில் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் போய்க் காட்டுவார், படத்தின் பெயர் அச்சிட்ட டி-சட்டைகளையும் விற்பார். பூண்டு வாசமும் 'ஆல்வேஸ் ஃபார் பிளெஷர்' திரையிடலில் பரிமாறிய சிவப்புப் பயறும் அந்த வியாபாரத்தில் சேர்த்தி. விசித்திரமான பொருள்களுக்கு இங்கே ஒரு நடைமுறை லாபமும் உண்டு. பூண்டுப் படம் என்றால் பூண்டு விரும்பிகள் வருவார்கள், போல்காப் படம் என்றால் போல்கா ஆடுகிறவர்கள் வருவார்கள். 'மனித வாழ்வின் மகிழ்ச்சி' என்று படமெடுத்திருந்தால் யார் வந்திருப்பார்கள்?

சொந்தக் காசும் மானியமுமாக ஓட்டிய இந்த வாழ்க்கையில் ஒரு முறை பெரிய இடத்துப் பணம் வந்தது. ராக் பாடகர் லியோன் ரஸல் தன்னைப் பற்றிப் படமெடுக்க அழைத்தார். 1972 முதல் 1974 வரை ஓக்லஹோமாவில் ரஸலின் ஏரிக்கரை ஒலிப்பதிவுக் கூடத்திலேயே தங்கி எடுத்தார்கள். முடிந்த படத்தில் ரஸல் இருக்கிறார், கூடவே காலி நீச்சல் குளத்தின் சுவரில் ஓவியம் தீட்டும் ஓவியர், கண்ணாடியைக் கடித்து மெல்லும் மனிதர், கோழிக்குஞ்சை விழுங்கும் பாம்பு, உள்ளூர்க் கல்யாணம் எல்லாம் இருக்கின்றன. தன்னைப் பற்றிய படம் கேட்டவருக்குத் தன் சுற்றுவட்டாரம் முழுவதும் வந்து சேர்ந்தது பிடிக்கவில்லை. உரிமை அவரிடம். 'எ போயம் இஸ் எ நேக்கட் பெர்சன்' பெட்டிக்குள் போனது. பிளாங்க் நேரில் இருந்து காட்டினால் மட்டும் சின்னக் கூட்டங்களில் திரையிடலாம் என்ற அளவில் சலுகை. கோழி நிறுவனத்தின் காசில் கிறுக்குத்தனம் செய்ய முடிந்தவருக்கு, ஒரு கலைஞரின் காசில் அது முடியாமல் போயிற்று.

பிளாங்கைப் பற்றி நியாயமாக எழுப்பப்படும் விமர்சனம் ஒன்று உண்டு. வசதியான குடும்பத்து வெள்ளைக்காரர் ஒருவர் ஏழைக் கறுப்பினத்தவர், கேஜன்கள், மெக்சிகோ வம்சாவளியினர் நடுவே போய், அவர்கள் ஆட்டத்தையும் பாட்டையும் சாப்பாட்டையும் மட்டும் அள்ளிக்கொண்டு வருகிறார் என்பது. வறுமையும் இனவெறியும் அவர் படங்களில் ஓரத்தில்தான் நிற்கின்றன. எல்லைப்புறப் படத்துக்கும் பெருப் படத்துக்கும் இது பொருந்தாது. லூசியானாப் படங்கள் சிலவற்றுக்குப் பொருந்தும். எல்லோரும் எப்போதும் தின்றுகொண்டும் ஆடிக்கொண்டும் இருக்கும் ஓர் ஊர் எங்கும் இல்லை. அதேசமயம், அந்த மக்களைப் பற்றி அந்நாளில் வேறு யார் எடுத்தாலும் பிரச்சினையாகவே எடுத்தார்கள் என்பதையும் நினைத்துக்கொள்ள வேண்டும். ஹாப்கின்ஸையும் ஷெனியேயையும் தங்கள் தொழிலில் கைதேர்ந்தவர்களாக, தங்கள் விருப்பத்துக்கு நேரம் செலவழிக்கும் மனிதர்களாகப் பார்த்த காமிராக்கள் அன்று குறைவு. இன்று அந்த இசை மரபுகளை ஆராய்கிறவர்கள் இந்தச் சுருள்களைத் தேடிவருவதும் அதனால்தான்.

பிற்காலத்தில் அவரும் டிஜிட்டலுக்கு மாறினார். ஜீனா லைப்ரெக்ட்டோடு சேர்ந்து எடுத்து 2007இல் வெளிவந்த 'ஆல் இன் திஸ் டீ', டேவிட் லீ ஹாஃப்மன் என்ற தேயிலை வியாபாரியைச் சீனாவுக்குப் பின்தொடர்கிறது. சிறு விவசாயிகளிடம் கையால் பதப்படுத்திய இலையை நேரடியாக வாங்க அவர் அதிகாரிகளோடும் ஆலைக்காரர்களோடும் மல்லுக்கட்டுகிறார். மண்புழுவைப் பற்றி அவர் ஆவேசமாகப் பேசும் இடம் ஒன்று போதும், பிளாங்க் ஏன் இந்த ஆளைப் பிடித்தார் என்று தெரிந்துவிடும். மகன் ஹாரட் பிளாங்கும் இதே தொழிலுக்கு வந்தார். விதவிதமாக ஒட்டியும் வரைந்தும் அலங்கரித்த கார்களையும் அவற்றின் சொந்தக்காரர்களையும் பற்றி 1992இல் 'வைல்டு வீல்ஸ்' எடுத்தவர் அவர். ரஸலோடு பேசி, பெட்டிக்குள் கிடந்த படத்தை 2015இல் வெளியே கொண்டுவந்தவரும் அவர்தான். அப்போது தந்தை இறந்து இரண்டு ஆண்டுகள் ஆகியிருந்தன. ரஸல் உயிரோடு இருந்தார்.

2014இல், முக்கியமான படங்களை வட்டுகளாக வெளியிடும் கிரைட்டீரியன் நிறுவனம் அவருடைய பதினான்கு படங்களை ஒரே தொகுப்பாக வெளியிட்டது. 'பர்டன் ஆஃப் ட்ரீம்ஸ்' தனியாகக் கிடைக்கிறது. புதிதாகப் பார்க்கத் தொடங்குகிறவர்கள் பெரும்பாலும் பெருப் படத்தைத்தான் முதலில் எடுப்பார்கள், ஹெர்சாக்கின் பெயர் இழுக்கும். என் பரிந்துரை வேறு. ஹாப்கின்ஸில் ஆரம்பித்து, அடுத்து எல்லைப்புறப் படம், பிறகு பூண்டு, கடைசியாகப் பெரு. இந்த வரிசையில் போனால், கப்பல் இழுக்கும் படத்தில் மசாத்தோ செய்யும் பெண்கள்மேல் காமிரா ஏன் அவ்வளவு நேரம் நிற்கிறது என்று யாரும் கேட்க மாட்டார்கள்.